வகைமைத் திரைப்படமும் இசைப்படைப்பாளரின் தகுதியும்: பெர்னார்ட் ஹெர்மனின் கலைவாழ்வு (1911–1975)

ஆய்வுச் சுருக்கம்

அச்சப் படம், குற்றப் படம், மாயக்கதைப் படம், அறிவியல் புனைவுப் படம் எனப் பகுக்கப்பெறும் வகைமைத் திரைப்படங்கள் கலைமதிப்பில் தாழ்ந்தவை என்னும் எண்ணம் 20ஆம் நூற்றாண்டில் நெடுங்காலம் நிலவியது. அத்தகைய படங்களுக்கே தம் உழைப்பின் பெரும்பகுதியை அளித்த அமெரிக்க இசையமைப்பாளர் பெர்னார்ட் ஹெர்மனின் வாழ்வை இக்கட்டுரை ஆராய்கிறது. தம் பெயரை நிலைநிறுத்தும் என்று அவர் நம்பிய இசைநாடகம் அவர் வாழ்நாளில் மேடையேறவில்லை. பொழுதுபோக்குக்கு உரியவை எனக் கருதப்பட்ட படங்களின் இசையே அவரை நிலைநிறுத்தியது. இம்முரணுக்கான காரணத்தை அவரது தொழில்முறையிலிருந்தும் படைப்புகளிலிருந்தும் இக்கட்டுரை விளக்க முயல்கிறது.

திறவுச்சொற்கள்: பின்னணி இசை, வகைமைத் திரைப்படம், கருவித் தேர்வு, மெய்ப்பாடு, அச்சம், மருட்கை, ஹெர்மன், ஹிட்ச்காக், ஹாரிஹவுசன்.

முன்னுரை

திரைப்பட இசை குறித்துத் தமிழில் நிகழ்ந்துள்ள ஆய்வுகளில் பெரும்பான்மையானவை பாடல்களை மையமாகக் கொண்டவை. பாடல் வரியும் மெட்டும் தனித்து நிற்க வல்லவை. ஏட்டிலும் ஒலித்தட்டிலும் வாழ்பவை. பின்னணி இசையோ காட்சியோடு பிறந்து காட்சியோடு மறைவது. கேட்போர் பலர் அதைக் கேட்டதாகவே உணர்வதில்லை. ஆயினும் ஒரு காட்சி அச்சம் தருவதும் தராது போவதும் அந்த இசையைப் பொறுத்தே பலவேளைகளில் அமைகின்றன. இத்துறையின் இயல்பை அறிய ஹெர்மனின் வாழ்வு பொருத்தமான சான்றாகும். பாடலே இல்லாத படங்களில், இனிய மெட்டைத் தவிர்த்து, சில சுரங்களாலும் கருவிகளின் நிறத்தாலும் மட்டுமே உணர்வை எழுப்பியவர் அவர்.

இளமையும் கல்வியும்

ஹெர்மன் 1911ஆம் ஆண்டு ஜூன் 29ஆம் நாள் நியூயார்க் நகரில், ரஷ்யப் பேரரசிலிருந்து குடியேறிய யூதக் குடும்பத்தில் பிறந்தார். பதின்மூன்று வயதிலேயே இசையமைப்புப் போட்டியொன்றில் பரிசு பெற்றார். பிரெஞ்சு இசையமைப்பாளர் பெர்லியோஸ் கருவியமைப்புப் பற்றி எழுதிய நூலை அவ்விளமைப் பருவத்திலேயே கற்றமை அவரது வாழ்நாள் போக்கையே தீர்மானித்தது. ஒரே சுரவரிசை குழலில் ஒலிக்கும்போதும் கொம்பில் ஒலிக்கும்போதும் வெவ்வேறு பொருள் தருகிறது என்னும் அறிவு அவர் கலைக்கு அடித்தளமாயிற்று. நியூயார்க் பல்கலைக்கழகத்தில் பெர்சி கிரெய்ஞ்சர், பிலிப் ஜேம்ஸ் ஆகியோரிடமும், பின்னர் ஜூலியார்ட் இசைப்பள்ளியிலும் பயின்றார். இருபது வயதை ஒட்டிய காலத்திலேயே சொந்தமாகச் சிறிய பல்லியக் குழு ஒன்றை அமைத்து நடத்தினார்.

இக்காலத்தில் அவர் மனத்தில் இருந்த குறிக்கோள் திரைப்படம் அன்று. பெரிய பல்லியக் குழுவொன்றின் நடத்துநராக விளங்குவதும், அரங்கில் இசைக்கத்தக்க பேரிசைப் படைப்புகளை இயற்றுவதுமே அவர் விரும்பியவை. 'மோபி டிக்' புதினத்தைத் தழுவி அவர் இயற்றிய கண்டாட்டா என்னும் குழுப்பாடல் வடிவப் படைப்பை 1940இல் ஜான் பார்பிரோலி நெறியாள்கையில் நியூயார்க் பில்ஹார்மோனிக் குழு அரங்கேற்றியது. 1941இல் சிம்பொனி ஒன்றையும் எழுதி முடித்தார். அமெரிக்க இசையுலகம் பெரிதும் அறியாதிருந்த சார்லஸ் ஐவ்ஸின் படைப்புகளை வானொலி வழியே எடுத்துச் சென்றதிலும் அவருக்குப் பங்குண்டு.

வானொலி என்னும் பயிற்சிக்களம்

1934இல் ஹெர்மன் சி.பி.எஸ். வானொலி நிறுவனத்தில் பணியேற்றார். 1936இல் தொடங்கிய 'கொலம்பியா ஒர்க்‌ஷாப்' என்னும் சோதனை நாடக வரிசைக்கு இசைப்பொறுப்பு அவரைச் சேர்ந்தது. பின்னாளில் அந்நிறுவனத்தின் பல்லியக் குழுவுக்கே தலைமை நடத்துநரானார்.

வானொலி நாடகத்தில் காட்சி இல்லை. இடம் மாறியதையும் பொழுது கழிந்ததையும் கேட்போருக்கு உணர்த்த வேண்டிய கடமை இசையைச் சார்ந்தது. அதற்குக் கிடைத்த நேரமோ சில நொடிகள். நீண்ட மெட்டு விரிவதற்கு அங்கே இடமில்லை; இரண்டு மூன்று சுரங்களில் ஒரு மனநிலையை நிறுவியாக வேண்டும். வாரந்தோறும் புதிய நாடகம் என்னும் நெருக்கடியில் ஹெர்மன் இக்கலையைக் கற்றார். சிறு இசைத்துண்டு ஒன்றை எடுத்து, அதைத் திரும்பத் திரும்ப ஒலிக்கச் செய்து, கருவிகளை மட்டும் மாற்றி இறுக்கத்தைக் கூட்டிச் செல்லும் அவரது தனிமுறை வானொலிக் கூடத்தில் உருவானது. பிற்காலத்தில் 'சைக்கோ'வைக் கேட்டு வியந்தவர்கள் இம்முறையின் முதிர்ந்த வடிவத்தையே கேட்டனர்.

ஆர்சன் வெல்ஸின் நட்பும் வானொலி தந்ததே. 1938 அக்டோபர் 30ஆம் நாள் ஒலிபரப்பாகி அமெரிக்காவில் பெரும் பரபரப்பை எழுப்பிய 'தி வார் ஆஃப் தி வேர்ல்ட்ஸ்' நாடகத்தில் இசைக்குழுவை நடத்தியவர் ஹெர்மனே. செவ்வாய்க் கோளிலிருந்து பகைவர் இறங்கும் செய்தி இடையிட்டு வர, அமைதியான நடன இசை ஒலித்துக்கொண்டிருந்தது. சாதாரணமான இசையே அச்சத்திற்குப் பின்புலமாகும் என்பதை அந்நிகழ்ச்சி காட்டியது.

திரையுலக நுழைவு

வெல்ஸ் இயக்கிய 'சிட்டிசன் கேன்' (1941) ஹெர்மனின் முதல் திரைப்படம். படப்பிடிப்பு முடிந்த பிறகு சில வாரங்களுக்குள் இசையை எழுதித் தருவதே அக்கால ஹாலிவுட் வழக்கம். ஹெர்மனுக்கோ படம் உருவாகும்போதே பகுதி பகுதியாக இசையமைக்கும் வாய்ப்புக் கிடைத்தது. கேனும் அவன் முதல் மனைவியும் காலையுணவு மேசையில் ஆண்டுதோறும் விலகிச் செல்லும் காட்சித் தொடரில் ஒரு வால்ட்ஸ் நடன மெட்டு படிப்படியாகத் திரிகிறது. இத்தகைய சில பகுதிகளில் இசைக்கு ஏற்பவே படத்தொகுப்பு அமைந்தது.

அதே ஆண்டு வெளிவந்த 'தி டெவில் அண்ட் டேனியல் வெப்ஸ்டர்', உழவன் ஒருவன் தன் ஆன்மாவைச் சாத்தானுக்கு விற்கும் மாயக்கதை. சாத்தான் வயலின் வாசிக்கும் காட்சிக்கு, ஒரே கலைஞரின் வாசிப்பைப் பலமுறை பதிந்து ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினார் ஹெர்மன். மனிதக் கை ஒன்றால் வாசிக்க இயலாத இசை என்னும் உணர்வு அதனால் பிறந்தது. இரு படங்களும் ஒரே ஆண்டில் அகாதெமி விருதுக்குப் பரிந்துரை பெற்றன. விருது பெற்றது மாயக்கதைப் படமே. அவர் வாழ்நாளில் பெற்ற ஒரே அகாதெமி விருதும் அதுவே.

வெல்ஸின் அடுத்த படமான 'தி மேக்னிஃபிசென்ட் ஆம்பர்சன்ஸ்' (1942) ஹெர்மனின் குணத்தை வெளிப்படுத்திய நிகழ்வாயிற்று. படநிறுவனம் படத்தைப் பெரிதும் வெட்டியது. அவர் எழுதிய இசையில் பாதிக்கு மேல் நீக்கப்பட்டது. தம் பெயரைப் படத்திலிருந்து எடுத்துவிட வேண்டும் என்று வற்புறுத்தி, அவ்வாறே செய்வித்தார். தொடக்க நிலையில் இருந்த இசையமைப்பாளர் ஒருவர் இவ்வாறு நடப்பது அரிது. சினமும் கடுஞ்சொல்லும் அவருடன் பிறந்தவை எனலாம். ஆனால் அச்சினத்தின் வேரில், எழுதிய இசைக்குத் தாமே பொறுப்பு என்னும் உறுதி இருந்தது.

கருவித் தேர்வு என்னும் கொள்கை

அக்கால ஹாலிவுட்டில் இசையமைப்பாளர் மெட்டையும் முதன்மைக் குறிப்புகளையும் எழுதுவார். எந்த வரியை எக்கருவி வாசிக்க வேண்டும் என வகுக்கும் பணியை வேறொருவர் செய்வார். ஹெர்மன் இம்முறையை ஏற்கவில்லை. கருவியைத் தேர்வதே இசையமைப்பு என்பது அவர் நிலைப்பாடு. ஓர் ஓவியரின் வண்ணங்களை மற்றொருவர் தீட்டுவது எவ்வாறு பொருந்தாதோ அவ்வாறே இதுவும் பொருந்தாது என அவர் கருதினார்.

இக்கொள்கை முழுமையாக வெளிப்பட வகைமைப் படங்களே களம் அமைத்தன. 1951இல் சி.பி.எஸ். பல்லியக் குழு கலைக்கப்பட்டது. நடத்துநராக நிலைபெறும் வாய்ப்பு அத்துடன் குறைய, ஹெர்மன் ஹாலிவுட்டில் குடியேறினார். அவ்வாண்டு வெளியான 'தி டே தி எர்த் ஸ்டுட் ஸ்டில்' வேற்றுலகத்தவன் ஒருவன் வாஷிங்டன் நகரில் இறங்கும் கதை. அதற்கு, கை படாமலே ஒலிக்கும் தெரமின் என்னும் மின்கருவி இரண்டையும், மின்னாற்றலால் ஒலிக்கும் வயலின், செல்லோ, பாஸ் ஆகியவற்றையும், ஆர்கன்களையும், பித்தளைத் துளைக்கருவிகளையும் ஒருங்கிணைத்தார். வழக்கமான நரம்புக்கருவித் தொகுதி இதில் இல்லை. அறியாத உலகத்தின் ஒலி அறிந்த கருவிகளிலிருந்து வர இயலாது என்பதே இத்தேர்வின் உட்பொருள்.

கடலடிக் கதையான 'பினீத் தி 12-மைல் ரீஃப்' (1953) படத்தில் ஹார்ப் என்னும் மேலைநாட்டு யாழ் ஒன்பதைப் பயன்படுத்தினார். நீரின் அலைவும் ஆழத்தின் மங்கிய ஒளியும் அவற்றால் ஒலியாயின. 'ஜர்னி டு தி சென்டர் ஆஃப் தி எர்த்' (1959) நிலத்தின் அடியாழத்தை நோக்கிய பயணம். அதில் பேராலய ஆர்கன் ஒன்றும் மின்னார்கன் நான்கும், செர்பென்ட் என்னும் பழைய துளைக்கருவியும் இடம்பெற்றன. நரம்புக்கருவிகள் அறவே விலக்கப்பட்டன. இசை கீழ்நோக்கி இறங்கிக்கொண்டே செல்வது கதையின் திசையோடு ஒத்தமைந்தது.

குடும்பக் கதைக்கோ காதல் கதைக்கோ இத்தகைய கருவிச் சேர்க்கைகளை எந்தப் படநிறுவனமும் எளிதில் ஏற்றிருக்காது. வேற்றுலகம், கடலடி, நிலவறை என்னும் களங்கள் வழக்கத்தை மீறுவதற்கு இசைவு தந்தன. தாழ்ந்ததாக எண்ணப்பட்ட வகைமை, உயர்ந்ததாக எண்ணப்பட்ட அரங்கம் தராத உரிமையை அவருக்குத் தந்தது.

மருட்கையின் இசை: ஹாரிஹவுசன் படங்கள்

தயாரிப்பாளர் சார்லஸ் ஷ்னீர், சிறப்புக் காட்சிக் கலைஞர் ரே ஹாரிஹவுசன் ஆகியோருடன் ஹெர்மன் நான்கு படங்களில் பணியாற்றினார்: 'தி 7த் வாயேஜ் ஆஃப் சிந்துபாத்' (1958), 'தி 3 வேர்ல்ட்ஸ் ஆஃப் கலிவர்' (1960), 'மிஸ்டீரியஸ் ஐலண்ட்' (1961), 'ஜேசன் அண்ட் தி ஆர்கனாட்ஸ்' (1963).

தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் மருட்கைக்குப் புதுமை, பெருமை, சிறுமை, ஆக்கம் என நான்கு நிலைக்களன்களைக் கூறும். ஒன்று மற்றொன்றாகத் திரிதலையே ஆக்கம் என உரை மரபு கொள்ளும். இந்நான்கும் இப்படங்களின் கதைப்பொருளோடு பொருந்துவது கருதத்தக்கது. கலிவரின் கதை பெருமையும் சிறுமையும் மாறி மாறி வரும் கதை. 'மிஸ்டீரியஸ் ஐலண்ட்' படத்தில் நண்டும் தேனீயும் பேருருக் கொள்கின்றன. சிந்துபாத்தும் ஜேசனும் இதுவரை காணாத உயிர்களை எதிர்கொள்கின்றனர். எலும்புக்கூடு வீரனாக எழுந்து வாளேந்துவது ஆக்கத்தின் பாற்படும்.

இப்படங்களின் உயிரினங்கள் சிறு பொம்மைகள். அவற்றைச் சிறிது சிறிதாக நகர்த்தி, ஒவ்வோர் அசைவையும் தனித்தனிப் படச்சட்டமாகப் பதிந்து, நொடிக்கு 24 சட்டங்களாக ஓட்டி உயிரூட்டினார் ஹாரிஹவுசன். 'ஜேசன்' படத்தில் ஏழு எலும்புக்கூடுகளுடன் நிகழும் வாட்போர்க் காட்சிக்கு மட்டும் நான்கு மாதங்களுக்கு மேல் உழைத்தார். இவ்வளவு உழைத்தும் பொம்மைக்கு ஒன்று வாய்ப்பதில்லை, அதுவே எடை. திரையில் அது எவ்வளவு பெரிதாகத் தோன்றினும், அதன் அடி நிலத்தில் பதியும் கனத்தை ஒளிப்படம் தர இயலாது. அக்கனத்தை ஹெர்மனின் இசை தந்தது. 'ஜேசன்' படத்தில் வெண்கலச் சிலையான டேலோஸ் உயிர்பெற்று நடக்கும் காட்சியில் பித்தளைக் கருவிகளும் முரசுகளும் தாழ்ந்த சுருதியில் ஒலிக்கின்றன. அப்படத்திற்கு அவர் துளைக்கருவிகளையும் தோற்கருவிகளையும் கஞ்சக்கருவிகளையும் பெருந்தொகையாகக் கொண்டு, வயலின் முதலிய நரம்புக்கருவித் தொகுதியை முற்றிலும் நீக்கினார். சிந்துபாத் எலும்புக்கூட்டோடு பொருதும் காட்சியிலோ மரச்சட்டங்களாலான சைலோபோனும் காஸ்டனெட் சிப்ளாக்கட்டைகளும் எலும்போடு எலும்பு மோதும் ஒலியாயின.

சிறுவர்க்கு உரியவை எனப் பலர் கருதிய படங்கள் இவை. ஹெர்மன் அவற்றுக்கு எழுதிய இசையில் அத்தகைய இளக்காரம் சிறிதும் இல்லை. 'சிட்டிசன் கேன்' பெற்ற அதே கவனத்தை டேலோஸும் பெற்றான்.

அச்சத்தின் இசை: ஹிட்ச்காக் படங்கள்

ஆல்ஃபிரட் ஹிட்ச்காக்குடன் ஹெர்மனின் உறவு 'தி ட்ரபிள் வித் ஹேரி' (1955) படத்தில் தொடங்கியது. 'தி மேன் ஹூ நியூ டூ மச்' (1956) படத்தில் லண்டன் ராயல் ஆல்பர்ட் மன்றத்தில் இசைக்குழுவை நடத்துபவராக அவரே திரையில் தோன்றினார். அங்கு ஒலித்த கண்டாட்டா ஆர்தர் பெஞ்சமின் இயற்றியது. தமக்கு வாய்ப்பிருந்தும் அதை மாற்றாமல் வைத்துக்கொண்டார். 'தி ராங் மேன்' (1956), 'வெர்டிகோ' (1958), 'நார்த் பை நார்த்வெஸ்ட்' (1959), 'சைக்கோ' (1960), 'மார்னி' (1964) ஆகியவை தொடர்ந்தன. 'தி பேர்ட்ஸ்' (1963) படத்தில் இசையே இல்லை. மின்னொலியால் உருவாக்கிய பறவை ஓசைகளே அதன் ஒலி. அப்படத்தில் ஹெர்மன் ஒலி ஆலோசகராகப் பணியாற்றினார்.

இசை எங்கே வேண்டாம் என்பதை அறிதலும் இசையமைப்பின் பகுதியே. 'நார்த் பை நார்த்வெஸ்ட்' ஃபாண்டாங்கோ என்னும் ஸ்பானிய நடன ஓட்டத்தில் விரைந்து தொடங்கும் துரத்தல் படம். ஆயின் அதன் புகழ்பெற்ற காட்சியில், வெட்ட வெளியில் நாயகனை வானூர்தி ஒன்று துரத்தும்போது, இசை ஒலிப்பதில்லை. ஊர்தி எண்ணெய் வண்டியில் மோதித் தீப்பற்றிய பின்னரே இசை எழுகிறது. ஒளிய மரமும் சுவரும் இல்லாத அவ்வெளியின் வெறுமையை இசையின்மையே உணர்த்துகிறது.

'வெர்டிகோ'வில் ஏறியும் இறங்கியும் எதிரெதிராகச் சுழலும் சுரவரிசைகள், உயரத்தைக் கண்டு மயங்கும் நாயகனின் தலைச்சுற்றலாகவும் இறந்தவளைத் தேடும் அவன் மனச்சுழலாகவும் ஒருங்கே ஒலிக்கின்றன. அமெரிக்க இசைக்கலைஞர்களின் வேலைநிறுத்தம் காரணமாக அவ்விசையை லண்டனிலும் வியன்னாவிலும் பதிய நேர்ந்தது; மியூர் மாதிசன் நடத்தினார். தம் படைப்பைத் தாமே நடத்தும் வழக்கமுடைய ஹெர்மனுக்கு அது மனக்குறையாகவே இருந்தது.

'சைக்கோ' குறைந்த செலவில், தொலைக்காட்சிக் குழுவைக் கொண்டு, கறுப்பு வெள்ளையில் எடுத்த படம். ஹெர்மன் அதற்கு நரம்புக்கருவிகளை மட்டுமே தேர்ந்தார். வயலின், வயோலா, செல்லோ, டபுள் பாஸ் ஆகிய ஒரே இனக் கருவிகளின் ஒலி படத்தின் நிறமின்மைக்கு ஈடாயிற்று. மேலைத் திரையிசையில் நரம்புக்கருவிகள் காதலுக்கும் கனிவுக்கும் உரியவையாக வழங்கின. அவற்றையே அவர் கொலைக்கு உரியவையாக்கினார். குளியலறைக் கொலைக்காட்சிக்கு இசை வேண்டாம் என்பது ஹிட்ச்காக்கின் கட்டளை. ஹெர்மன் அதை மீறி எழுதினார். கேட்ட இயக்குநர் தம் எண்ணத்தை மாற்றிக்கொண்டார். படம் முழுவதும் ஒலியடக்கி பொருத்தி வாசித்த கருவிகள் அக்காட்சியில் மட்டும் அடக்கியின்றி அலறுகின்றன.

கொலைக்காட்சியினும் நுட்பமானது அதற்கு முன்வரும் பயணக்காட்சி. பணத்தைத் திருடிய பெண் ஒருத்தி காரோட்டிச் செல்கிறாள். கண்ணுக்குத் தெரிபவை சாலையும் மழையும் அவள் முகமுமே. இசையை நீக்கினால் அக்காட்சியில் அச்சத்திற்கு இடமேயில்லை. தொல்காப்பியர் அச்சத்தின் நிலைக்களன்களாக அணங்கு, விலங்கு, கள்வர், இறை ஆகியவற்றைச் சுட்டுவார். இந்நான்கும் அஞ்சுவோனுக்குப் புறத்தே நிற்பவை. இக்காட்சியில் கள்வரும் அஞ்சுபவரும் ஒருவரே. பின்தொடரும் இறையாகிய அரசின் காவலரும் சிறிது நேரமே தோன்றுகிறார். புறத்தே களன் சுருங்க, மெய்ப்பாடு மட்டும் பெருகுகிறது. அஞ்சும் நெஞ்சின் துடிப்பையே ஹெர்மன் இசையாக்கினார். மாயக்கதைப் படங்களில் அஞ்சப்படும் பொருளுக்கு எடை தந்த அவர் இசை, இங்கே அஞ்சும் உள்ளத்துக்கு உருவம் தந்தது. அவரது இருவகைப் படங்களுக்கும் இடையிலான வேறுபாட்டை இவ்வாறு வரையறுக்கலாம்.

ஹிட்ச்காக்குக்கு அவர் எழுதிய இசை ஒன்றேனும் அகாதெமி விருதுக்குப் பரிந்துரை பெற்றதில்லை. வகைமைப் படங்களின் மீது அன்று நிலவிய மதிப்பீட்டுக்கு இதனினும் தெளிவான சான்று வேண்டுவதில்லை.

1966ஆம் ஆண்டின் முறிவு

1960களின் நடுப்பகுதியில் படநிறுவனங்களின் எதிர்பார்ப்பு மாறியது. ஒலித்தட்டாக விற்கத்தக்க பாடலும் இளையோரைக் கவரும் தாளமும் படத்தின் வருவாயில் பங்கு பெறத் தொடங்கின. 'மார்னி' எதிர்பார்த்த வெற்றியைப் பெறாத நிலையில், 'டோர்ன் கர்ட்டன்' (1966) படத்திற்கு அத்தகைய இசையே வேண்டும் என ஹிட்ச்காக் கேட்டார்.

ஹெர்மன் எழுதியது வேறு. 12 புல்லாங்குழல்கள், 16 ஹார்ன்கள், 9 டிராம்போன்கள், 2 டியூபாக்கள், இரு தொகுதி டிம்பனி முரசுகள், 8 செல்லோக்கள், 8 டபுள் பாஸ்கள் என்பது அவர் வகுத்த குழு. வயலினுக்கு அதில் இடமில்லை. இசை வேண்டாம் என்று கூறப்பட்ட நீண்ட கொலைக்காட்சிக்கும், 'சைக்கோ'வில் செய்தது போலவே, இசை எழுதினார். ஒலிப்பதிவுக் கூடத்துக்கு வந்த ஹிட்ச்காக் முகப்பிசையைக் கேட்ட அளவில் பதிவை நிறுத்தினார். ஜான் அடிசன் வேறு இசை அமைத்தார். பதினோராண்டு உறவு அன்றோடு முடிந்தது. இருவரும் மீண்டும் இணைந்து பணிபுரியவில்லை.

1960இல் செய்த மீறல் புகழைத் தந்தது. 1966இல் செய்த அதே மீறல் உறவை அறுத்தது. மாறியது ஹெர்மனின் முறையன்று. அவர் மீறிய கட்டளையின் இயல்பு. முதற்கட்டளை ஒரு காட்சியைப் பற்றிய கலைத்தீர்ப்பு. கேட்டுப் பார்த்தபின் மாற்றிக்கொள்ளத் தக்கது. இரண்டாவது சந்தையைப் பற்றிய தீர்ப்பு. எவ்வளவு சிறந்த இசையாலும் அதை மாற்றியிருக்க இயலாது. இவ்வேறுபாட்டை ஹெர்மன் உணராதிருந்தார் எனக் கொள்வதினும், உணர்ந்தும் உடன்படவில்லை எனக் கொள்வதே அவர் வாழ்வின் பிற நிகழ்வுகளோடு பொருந்தும்.

பிற்காலமும் இறுதிப் பணியும்

அதே 1966இல் பிரெஞ்சு இயக்குநர் பிரான்சுவா த்ருஃபோ 'ஃபாரன்ஹீட் 451' படத்திற்கு ஹெர்மனை அழைத்தார். எதிர்காலத்தைப் பற்றிய அறிவியல் புனைவுக்கு மின்னொலியை எதிர்பார்க்கும் இடத்தில் நரம்புக்கருவிகளும் ஹார்ப்பும் மணியொலிக் கருவிகளும் ஒலித்தன. நூல்களை எரிக்கும் சமுதாயத்தில் மனிதம் எஞ்சியிருப்பதை அந்த இசை உணர்த்தியது. 'தி பிரைடு வோர் பிளாக்' (1968) படத்திலும் இருவரும் இணைந்தனர். பின்னர் லண்டனில் குடியேறிய ஹெர்மன், தம் திரையிசையைத் தாமே நடத்தி இசைத்தட்டுகளாகப் பதிந்தார். படத்திலிருந்து பிரித்துக் கேட்கத் தக்கதே தம் இசை என்பதை இவ்வாறு நிறுவினார்.

1970களில் ஹிட்ச்காக்கைப் பயின்று வளர்ந்த இளைய அமெரிக்க இயக்குநர்கள் அவரைத் தேடி வந்தனர். பிரையன் டி பால்மாவின் 'சிஸ்டர்ஸ்' (1973) படத்தில் இரண்டு மூக் மின்னிசைக் கருவிகளைப் பயன்படுத்தினார். லாரி கோஹனின் 'இட்ஸ் அலைவ்' (1974), டி பால்மாவின் 'ஆப்செஷன்' (1976), மார்ட்டின் ஸ்கார்செசியின் 'டாக்சி டிரைவர்' (1976) ஆகியவை பின்வந்தன. 'டாக்சி டிரைவர்' இசையில் சாக்ஸபோனின் தனிமையும் பித்தளைக் கருவிகளின் அச்சுறுத்தலும் நியூயார்க் நகரின் இரவை வரைந்தன. இறுதியில் 'சைக்கோ'வின் மூன்று சுரங்கள் மீண்டும் ஒலிப்பதைக் கேட்கலாம்.

அப்படத்தின் ஒலிப்பதிவு 1975 டிசம்பர் 23ஆம் நாள் லாஸ் ஏஞ்சல்ஸில் நிறைவடைந்தது. உடல் தளர்ந்திருந்தும் அவர் உடனிருந்து முடித்தார். அன்றிரவு விடுதிக்குத் திரும்பியவர், 24ஆம் நாள் விடியுமுன் உறக்கத்திலேயே காலமானார். வயது 64. 'ஆப்செஷன்', 'டாக்சி டிரைவர்' இரண்டும் அவர் மறைந்தபின் ஒருங்கே அகாதெமி விருதுக்குப் பரிந்துரை பெற்றன. விருது 'தி ஓமன்' என்னும் அச்சப் படத்திற்காக ஜெர்ரி கோல்ட்ஸ்மித்துக்குச் சென்றது.

இசைநாடகமும் திரையிசையும்

ஹெர்மன் தம் வாழ்நாட் படைப்பாகக் கருதியது 'வுதரிங் ஹைட்ஸ்' என்னும் இசைநாடகம். எமிலி பிராண்டியின் புதினத்தைத் தழுவி அவர் முதல் மனைவி லூசில் ஃபிளெட்சர் நாடக உரை எழுத, 1943 முதல் 1951 வரை அதை இயற்றினார். அதைச் சுருக்க அவர் உடன்படவில்லை; அரங்கும் கிடைக்கவில்லை. 1966இல் சொந்தச் செலவில் அதை ஒலிப்பதிவு செய்தார். ஹிட்ச்காக்குடன் உறவு முறிந்ததும் அதே ஆண்டே. அந்நாடகம் முதன்முதல் மேடையேறியது 1982இல், போர்ட்லண்ட் நகரில். அவர் மறைந்து ஏழாண்டுகள் கழிந்தபின்.

இதனை வைத்து, உயர்கலையை விரும்பிய ஒருவர் பிழைப்புக்காகத் தாழ்ந்த பணியைச் செய்தார் என முடிவு கட்டுவது எளிது. இசைப் படிகளே அம்முடிவை மறுக்கின்றன. 'வுதரிங் ஹைட்ஸ்' நாடகத்தின் இசைக்கருத்துகள், ஆவி ஒன்றின் காதலைக் கூறும் 'தி கோஸ்ட் அண்ட் மிசஸ் மியூர்' (1947) படத்தின் இசையோடு பகிரப்பட்டவை. 1936இல் அரங்குக்கென அவர் எழுதிய நரம்பிசைச் சின்ஃபோனியெட்டாவின் பகுதிகள் கால் நூற்றாண்டு கழித்துச் 'சைக்கோ'வில் புதுவடிவம் பெற்றன. 'ஹேங்ஓவர் ஸ்கொயர்' (1945) என்னும் கொலைப்படத்தின் உச்சக்காட்சிக்காக எழுதிய பியானோ கான்செர்ட்டோ, பின்னர் இசையரங்குகளில் தனித்து ஒலித்தது. அரங்கிசைக்கும் திரையிசைக்கும் இடையே அவர் எழுதுகோல் வேலி கட்டவில்லை. வேலி மதிப்பிட்டோர் மனத்தில் இருந்தது. சிலவேளை அவர் மனத்திலும் இருந்தது. அதுவே அவர் துயரம்.

முடிவுரை

பெர்னார்ட் ஹெர்மனின் வாழ்விலிருந்து மூன்று முடிவுகள் பெறப்படுகின்றன.

முதலாவது, வகைமைப் படங்களின் புதிய களங்கள் கருவித் தேர்வில் அவருக்கு வரம்பற்ற உரிமையை அளித்தன. ஒன்பது ஹார்ப்புகளும், ஐந்து ஆர்கன்களும், நரம்பிசை மட்டுமேயான கொலைப்படமும் அவ்வுரிமையின் விளைவுகள்.

இரண்டாவது, வானொலியில் அவர் கற்ற குறுந்தொடர் முறை, உணர்வை நீண்ட மெட்டிலிருந்து விடுவித்து, நெஞ்சின் துடிப்போடு இணைத்தது. மருட்கைக்குரிய பொருளுக்கு எடையும், அச்சத்துக்குரிய உள்ளத்துக்கு உருவமும் அதனால் வாய்த்தன.

மூன்றாவது, படைப்பாளரின் தகுதியை வகைமை தீர்மானிப்பதில்லை. ஒதுக்கப்பட்ட 'டோர்ன் கர்ட்டன்' இசையை 1977இல் எல்மர் பெர்ன்ஸ்டைன் நடத்தி இசைத்தட்டாக வெளியிட்டார். 'கேப் ஃபியர்' (1962) படத்துக்கு ஹெர்மன் எழுதிய இசையே, 1991இல் ஸ்கார்செசி அக்கதையை மீண்டும் படமாக்கியபோது பெர்ன்ஸ்டைனால் தழுவப்பட்டது. வேறொருவர் புதிதாக எழுத வேண்டிய தேவை அங்கே எழவில்லை.

தமிழ்த் திரையிசை ஆய்வில் பாடலுக்கு வெளியே உள்ள பெரும்பரப்பு இன்னும் போதிய அளவு ஆராயப்படாதுள்ளது. துப்பறியும் படங்களுக்கும் பேய்ப் படங்களுக்கும் சண்டைப் படங்களுக்கும் எழுதப்பெற்ற பின்னணி இசையை, எக்கருவி எங்கே ஒலிக்கிறது, எங்கே இசை நிற்கிறது, அஞ்சப்படும் பொருளை அது சார்கிறதா, அஞ்சும் உள்ளத்தைச் சார்கிறதா என்னும் வினாக்களோடு அணுகலாம். மெய்ப்பாட்டியல் அதற்குரிய கலைச்சொற்களை முன்னரே நமக்கு வழங்கியுள்ளது.